அத்தியாயம் 9: மலைவீட்டில் பரண் போடுதல்

கேமரன் மலைத் தேயிலைத் தோட்டங்களில் குடியிருப்பவர்களுக்கு வீட்டில் இடம் போதாது என்பது தீராத குறை. போ தோட்டம் 1929-இலும் பாரத் தோட்டம் 1933-இலும் தொடங்கியவை. அந்தக் காலத்து லயங்களானாலும், பிறகு கட்டிய தனி வீடுகளானாலும், ஒரு குடும்பம் மூன்று தலைமுறையாகச் சேர்த்த பொருளுக்கு அவை போதுவதில்லை. தீபாவளிக்கு மட்டும் கீழே இறங்கும் அண்டா, தைப்பூசக் காவடியின் சட்டம், பாட்டி கொழுந்து எடுத்த கூடை, வெளியூரில் படிக்கும் பிள்ளையின் பெட்டி எல்லாம் கட்டிலுக்கு அடியில் நெருக்கியடித்துக் கிடக்கும். தலைக்கு மேலே கூரைக்கும் சீலிங்குக்கும் நடுவில் ஓர் ஆள் குனிந்து நடக்கிற உயரத்தில் இடம் சும்மா இருக்கும். அங்கே பரண் போட நினைப்பது நியாயம்தான்.

ஆனால் சீலிங் என்பது தரை அல்ல. நம் வீடுகளில் சீலிங் அட்டை, இரண்டுக்கு இரண்டு அங்குலச் சட்டங்களிலோ அதைவிட மெல்லிய சட்டங்களிலோ தொங்குகிறது. அந்தச் சட்டம் தன் அட்டையைத் தாங்கத்தான் கட்டப்பட்டது. அதன்மேல் பலகையைப் பரப்பிவிட்டு, "பலகைதான் இருக்கிறதே" என்று கால் வைப்பவர் அட்டையோடு சேர்ந்து கீழே விழுவார். ஆகவே இந்த அத்தியாயத்தில் சொல்லும் பரண் சீலிங்கைத் தொடவே தொடாது. இரண்டு பக்கச் சுவர்களின் மேல் புதிய கட்டைகளைப் படுக்க வைத்து, அவற்றின்மேல் நிற்கும்.

முதலில் ஆபீசுக்குப் போங்கள்

தோட்ட வீடு நிர்வாகத்துக்குச் சொந்தம். கூரைக்குள் கட்டை ஏற்றப் போகிறீர்கள் என்றால் மேனேஜருக்கு ஒரு கடிதம் எழுதி, எழுத்திலேயே அனுமதி வாங்குங்கள். கிராணியிடம் வாய்மொழியாகச் சொல்லிவைத்தது பிறகு உதவாது.

தொழிலாளர் குடியிருப்பின் குறைந்தபட்சத் தரத்தை 1990-ஆம் ஆண்டின் 446-ஆம் சட்டம் வகுத்திருக்கிறது. வீட்டை நல்ல நிலையில் வைத்திருப்பது அதன்படி முதலாளியின் கடமை. கூரை ஒழுகினாலோ, கைமரம் உளுத்திருந்தாலோ, மின்கம்பி பழுதாக இருந்தாலோ அதே கடிதத்தில் எழுதிக் கேளுங்கள். அந்த வேலைகள் முடிந்த பிறகே பரணைத் தொடங்க வேண்டும். கேட்பதற்குத் தயங்க வேண்டியதில்லை.

ஓய்வு பெற்றதும் வீட்டைத் திருப்பிக் கொடுக்க வேண்டியிருக்கும். அதனால் ஆணி அடிக்காமல் திருகாணியிலேயே முழு வேலையையும் செய்யுங்கள். அன்றைக்குக் கழற்றிக் கொண்டுபோய் அடுத்த வீட்டில் மாட்டலாம்.

தொடவே கூடாத வீடுகள்

கீழே உள்ளவற்றில் ஒன்று உங்கள் வீட்டுக்குப் பொருந்தினாலும் கூரைக்குள் பரண் வேண்டாம்.

• கூரையோ சீலிங்கோ ஆஸ்பெஸ்டாஸ். பழைய வீட்டில் சாம்பல் நிறத்தில், தட்டினால் தகர ஓசை வராத அலைத்தகடு கூரையில் இருந்தாலோ, மூட்டுகளில் மெல்லிய பட்டை வைத்து மூடிய கடினமான அட்டை சீலிங்கில் இருந்தாலோ ஆஸ்பெஸ்டாஸ் என்றே வைத்துக்கொள்ளுங்கள். பார்த்து மட்டும் தீர்மானிக்க முடியாது, ஆய்வுக்கூடத்தில்தான் தெரியும். அதில் துளை போடக்கூடாது, அறுக்கக்கூடாது, அதன் தூசியைத் துடைப்பத்தால் கூட்டவும் கூடாது. அதன் நார் நுரையீரலுக்குள் போனால் நோய் இருபது, முப்பது ஆண்டு கழித்துத்தான் வெளியே தெரியும். ஆஸ்பெஸ்டாஸ் கழிவு மலேசியச் சட்டத்தில் அட்டவணைக் கழிவு. குப்பைத்தொட்டியில் போடும் பொருள் அல்ல. நிர்வாகத்திடம் சொல்லுங்கள்.

• கூரையைத் தாங்குவது மெல்லிய இரும்புத் தகட்டை மடித்துச் செய்த சட்டகம், அல்லது சிறிய கட்டைகளைப் பல் வைத்த தகடுகளால் இணைத்த சட்டகம். இவற்றின் ஒவ்வொரு துண்டும் கணக்குப் போட்டு வைக்கப்பட்டது. ஒரு துண்டை வெட்டினால் கூரையே சாயலாம்.

• உங்கள் லயத்தில் இரண்டு பக்கச் சுவர்களும் வெறும் பலகைத் தடுப்புகள். உள்ளே நிற்கும் கட்டை இல்லாமல் ஓர் அங்குலப் பலகையை மட்டும் அடித்து நிறுத்தியிருந்தால் அது பாரம் தாங்காது.

இப்படிப்பட்ட வீடுகளுக்கும் வழி இருக்கிறது. அறைக்குள்ளேயே, ஒரு சுவர் ஓரமாக, 7 அடி உயரத்தில் 2 அடி அகலத்துக்குப் பரண் போட்டு, அதைத் தரையில் ஊன்றிய நான்கு கால்களில் நிறுத்துங்கள். சுவரும் கூரையும் அதில் சம்பந்தப்படாது. என் கருத்தில் பாதிக்குப் பாதி வீடுகளுக்கு இதுவே போதும். ஆபத்தும் மிகக் குறைவு.

எங்கே போடுவது

கூரை உயரமாக இருக்கும் முகட்டுக்கு அடியில், அகலம் குறைந்த இடம் எதுவென்று பாருங்கள். பெரும்பாலும் அது நடைவழி. 4 அடி அகல நடைவழிக்கு இருபுறமும் செங்கல் சுவர் இருந்தால் அதைவிட நல்ல இடம் கிடையாது. சமையலறைக்கும் குளியலறைக்கும் மேலே வேண்டாம். சோற்றுப் பானையின் ஆவியும் வெந்நீர் ஆவியும் நேராக மேலே ஏறிப் பொருளை நனைக்கும்.

விறகடுப்பின் புகைக்குழாய் கூரையைத் துளைத்துப் போகும் வீட்டில், அந்தக் குழாயை விட்டு நன்றாகத் தள்ளியே பரண் இருக்க வேண்டும். சூடேறும் குழாயின் பக்கத்தில் மரமும் துணியும் வைக்கலாமா என்ற பேச்சுக்கே இடமில்லை.

சில லயங்களில் தடுப்புச்சுவர் சீலிங்கோடு நின்றுவிடும். மேலே எல்லா வீட்டுக்கும் ஒரே வெளிதான். அங்கே நீங்கள் ஏறினால் பக்கத்து வீட்டுச் சீலிங்கும் உங்கள் கால்பக்கத்தில் இருக்கும், ஒரு வீட்டில் பிடித்த தீயும் எல்லா வீட்டுக்கும் ஓடும். அக்கம்பக்கத்தாரிடம் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். பரண் உங்கள் வீட்டு எல்லைக்குள்ளேயே நிற்கட்டும்.

எவ்வளவு பாரம்

பொருள் வைக்கும் பரணில் ஒரு சதுர மீட்டருக்கு 25 கிலோவுக்கு மேல் ஏற்றாதீர்கள். 4 அடி அகலம், 10 அடி நீளம் கொண்ட பரண் ஏறக்குறைய 3.7 சதுர மீட்டர். அதில் 90 கிலோ வைக்கலாம். நான்கு பெட்டி புத்தகம் வைத்தாலே அந்தக் கணக்கு தீர்ந்துவிடும். அதனால் புத்தகத்தைக் கீழே வைத்துவிட்டு, கனம் குறைந்து இடம் அடைக்கிற பொருளை மேலே அனுப்புங்கள்.

தண்ணீர்த் தொட்டியைப் பரணின்மேல் வைக்கலாமா என்று கேட்பவர்கள் உண்டு. 100 காலன் தண்ணீர் ஏறக்குறைய 455 கிலோ. கூடாது. ஏற்கெனவே கூரைக்குள் தொட்டி இருந்தால் அதன் தாங்குகட்டையில் உங்கள் கட்டையைச் சேர்க்கவும் கூடாது.

கட்டைகளை 16 அங்குல இடைவெளிக்குள் வைத்தால், சுவருக்குச் சுவர் எவ்வளவு தூரம் தாங்கும் என்பதற்கு என் கணக்கு இது. கடையில் வாங்கும் கட்டை, சொன்ன அளவைவிடச் சற்றுச் சிறிதாகவே இருக்கும் என்பதையும் சேர்த்துக் குறைத்தே சொல்கிறேன்.

இரண்டுக்கு நாலு (2 × 4 அங்குலம்): 5 அடி வரை
இரண்டுக்கு ஐந்து: 7 அடி வரை
இரண்டுக்கு ஆறு: 9 அடி வரை

அதற்கு மேல் போனால் கட்டிடப் பொறியாளரைக் கேளுங்கள். கட்டையை எப்போதும் குத்துவாட்டில் நிறுத்த வேண்டும். இரண்டுக்கு நாலைத் தட்டையாகப் படுக்க வைத்தால் அதன் விறைப்பு கால் பங்காகக் குறைந்துவிடும்.

வாங்க வேண்டியவை

இனிமேல் சொல்வதெல்லாம் ஒரு மாதிரிக்கு: 12 அடி நீளம், 4 அடி அகலம் உள்ள நடைவழி. ஒரு முனையில் 2 அடிக்கு ஏறுவழி. மீதி 10 அடியும் பரண்.

• இரண்டுக்கு நாலு கட்டை, 4 அடி 8 அங்குல நீளத்தில் 9. இரண்டு பக்கச் சுவரிலும் 4 அங்குலம் உட்காருவதற்காகத்தான் அந்த 8 அங்குலம்.
• ஒன்றுக்கு நாலு பலகை, 5 அடி நீளத்தில் 20. ஐந்தடியாக வெட்டினால்தான் ஏறுவழிக்குள் நுழையும்.
• 50 மி.மீ. திருகாணி 250.
• எல்-வடிவ இரும்புக் கோணம் 18. அவற்றைச் சுவர்மேல் இருக்கும் மரச்சட்டத்தில் பொருத்தத் திருகாணி. சட்டம் இல்லாமல் வெறும் செங்கல் என்றால் பிளக்கும் சேர்த்து.
• ஓர் அங்குல கனமுள்ள மரத்துண்டு 18.
• தலையில் மாட்டும் விளக்கு, என்-95 முகக்கவசம், கண்ணாடி, கையுறை, ரப்பர் அடி வைத்த காலணி.

மெராந்தி போதும். சமீபத்தில் அறுத்த மெராந்தி ஈரமாக இருக்கும். தூக்கிப் பார்த்தாலே கனம் சொல்லிவிடும். வாங்கி வந்ததும் வீட்டுக்குள் நடுநடுவே குச்சி வைத்து அடுக்கி, இரண்டு வாரம் காயவிடுங்கள். அப்படியே பொருத்தினால் பிறகு முறுக்கிக்கொள்ளும்.

கரையானுக்கு மருந்து ஏற்றிய கட்டை இளம் பச்சை நிறத்தில் கிடைக்கும். நல்ல கட்டைதான். ஆனால் அந்த மருந்தில் ஆர்சனிக் இருக்கலாம். அறுக்கும்போது முகக்கவசம் அணியுங்கள், வெளியில் வைத்து அறுங்கள். வெட்டி மிஞ்சிய துண்டுகளைச் சமையல் அடுப்பிலோ வெந்நீர் அடுப்பிலோ ஒருபோதும் எரிக்காதீர்கள். விறகு கையில் கிடைத்தால் அடுப்பில் போடும் பழக்கம் நமக்கு உண்டு. இந்த விறகின் புகை நஞ்சு.

பிளைவுட் வேண்டாமா என்று கேட்பீர்கள். ஊரில் கீழே இருக்கும் வீடுகளுக்குச் சரி. இந்த மலைக்கு நான் பலகையையே சொல்வேன். தானா ராத்தா ஏறக்குறைய 1,440 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. இரவில் 15 டிகிரி வரை குளிர் இறங்கும். காற்றில் ஈரம் குறையவே குறையாது. வீட்டுக்குள்ளிருந்து எழும் வெதுவெதுப்பான ஆவி, குளிர்ந்த தகரத்தின் அடிப்பக்கம் பட்டதும் நீராகிச் சொட்டும். முழுத்தகடாகப் பிளைவுட்டை மூடினால் அந்த ஈரம் அடியில் தங்கிவிடும். இடைவெளி விட்ட பலகையில் காற்று கீழிருந்து மேலே போகும். தொழிற்சாலையில் கொழுந்து வாட்டும் தொட்டிக்கு அடியிலிருந்து காற்று ஏறுவது மாதிரி. பிளைவுட்தான் கையில் இருக்கிறது என்றால் தண்ணீர் தாங்கும் பசை போட்ட 12 மி.மீ. தகட்டை வாங்கி, 2 அடிக்கு 4 அடியாக அறுத்து, நடுவில் விரலளவு இடைவெளி விட்டுப் பொருத்துங்கள்.

ஏறுவதற்கு முன்

வேலையைக் காலையில் தொடங்குங்கள். மழை பெரும்பாலும் பிற்பகலில்தான் வரும். தகரக் கூரைக்கு அடியில் இருக்கும்போது இடி கேட்டால் உடனே இறங்குங்கள்.

1. துணைக்கு ஓர் ஆள் வேண்டும். தனியாக ஏறக்கூடாது. கீழே நிற்பவர் ஏணியைப் பிடிப்பார், பொருளை எடுத்துக் கொடுப்பார். ஆனால் நீங்கள் மேலே வேலை செய்யும் இடத்துக்கு நேர் கீழே நிற்கக்கூடாது.

2. மெயின் சுவிட்சை அணைத்து, அதன்மேல் "ஆள் வேலை செய்கிறார்" என்று எழுதி ஒட்டுங்கள். வீட்டில் எல்லோரிடமும் வாயாலும் சொல்லுங்கள். பிள்ளைகள் இருட்டாக இருக்கிறதே என்று சுவிட்சைப் போட்டுவிடுவார்கள்.

3. ஏணியை நான்கு அடி உயரத்துக்கு ஓரடி வீதம் சுவரிலிருந்து தள்ளிச் சாய்த்து வையுங்கள். மேல்முனை ஏறுவழிக்கு மேலே 3 அடி நீட்டிக்கொண்டு இருக்க வேண்டும். ஏறும்போதும் இறங்கும்போதும் பிடிக்க அதுதான் பிடி. சிமெண்டுத் தரை ஈரமாக இருந்தால் துடைத்துவிட்டே ஏணியை ஊன்றுங்கள்.

4. முதல் முறை தலையை மட்டும் உள்ளே நீட்டி, விளக்கை அடித்து, ஒரு நிமிடம் அசையாமல் பாருங்கள். குளவிக்கூடு, பாம்பு, மரநாய் எதுவானாலும் கையால் எதுவும் செய்யாமல் இறங்கி, தீயணைப்பு நிலையத்தை அழையுங்கள். அவசர எண் 999. குளவிக்கூட்டுக்குத் தீ வைப்பது கூரையை எரித்துவிடும்.

5. எலிப்புழுக்கை கிடந்தால் காய்ந்த துடைப்பத்தால் கூட்டாதீர்கள். ஒரு பங்கு குளோராக்ஸுக்குப் பத்துப் பங்கு தண்ணீர் கலந்து தெளித்து, பத்து நிமிடம் ஊறவிட்டு, கையுறையோடு துணியால் வழித்து எடுங்கள். எலியின் சிறுநீரால்தான் எலிக்காய்ச்சல் வருகிறது. கையில் சிராய்ப்பு இருந்தால் அன்றைக்கு இந்த வேலையை வேறொருவருக்குக் கொடுத்துவிடுங்கள்.

6. மின்கம்பிகளைப் பாருங்கள். எலி கடித்து உள்ளே செம்பு தெரிகிறதா? தோல் உரிந்து பொடிகிறதா? அப்படியானால் வேலையை அங்கேயே நிறுத்துங்கள். கம்பியை மாற்றுவதும் நகர்த்துவதும் சுருஹான்ஜாயா தெனாகாவில் பதிவு பெற்ற ஒயர்மேனின் வேலை. டேப் சுற்றி ஒப்பேற்றிவிட்டு அதன்மேல் பரண் போடுவது, தீயை மூடிவைப்பதற்குச் சமம்.

7. கைமரத்தையும் சுவர்மேல் கிடக்கும் சட்டத்தையும் திருப்புளியால் ஓர் ஐந்தாறு இடங்களில் குத்திப் பாருங்கள். பழைய செங்கால் மரம் என்றால் முனை இறங்கவே இறங்காது. பஞ்சுபோல் இறங்கினாலோ மண்பாதை தெரிந்தாலோ கரையான் வேலை.

கால் வைப்பது எப்படி

மேலே இருக்கும்போது சீலிங் அட்டையில் கால், முழங்கால், கை எதுவும் ஊன்றக்கூடாது. அதன் மெல்லிய சட்டத்திலும் கூடாது. கைமரங்களைக் கீழே இணைத்துக்கொண்டு சுவருக்குச் சுவர் ஓடும் பெரிய கட்டுச்சட்டங்களின்மேல், குறைந்தது மூன்றைத் தொடும்படி இரண்டு தடித்த பலகைகளைப் போட்டு, அவற்றின்மேல் தவழ்ந்து போங்கள். சுவருக்கு நேர்மேலே இருக்கும் பகுதியே உறுதியானது. பலகையின் முனை சட்டத்தைத் தாண்டி நீட்டிக்கொண்டு இருந்தால், அந்த முனையில் பாரம் விழும்போது மறுமுனை எகிறும். நீட்டாதபடி நகர்த்தி வையுங்கள்.

பரண் போடும் வரிசை

1. ஏறுவழியைச் சரி செய்யுங்கள். பழைய ஏறுவழி இருந்தால் அதையே பயன்படுத்துங்கள். புதிதாகத் திறப்பதானால் 2 அடிக்கு 2 அடிக்குக் குறையக்கூடாது. சீலிங் பிளைவுட்டோ ஜிப்சம் அட்டையோ என்பதை உறுதி செய்த பிறகே அறுங்கள். மேலே கம்பி ஓடவில்லை என்பதையும் பார்த்துக்கொள்ளுங்கள். வெட்டிய விளிம்பைச் சுற்றி இரண்டுக்கு இரண்டு சட்டம் கொடுங்கள்.

2. இரண்டு சுவர்களின் மேலும் 15 அங்குலத்துக்கு ஒன்றாகக் குறி போடுங்கள். 10 அடியில் எட்டு இடைவெளி, ஒன்பது கட்டை. முதல் கட்டையையும் கடைசிக் கட்டையையும் வைத்து, நடுவே நூல் கட்டி, ரசமட்டம் பாருங்கள்.

3. ஒவ்வொரு கட்டையின் இரு முனைகளுக்கு அடியிலும் ஓர் அங்குல மரத்துண்டைக் கொடுங்கள். சோம்பலில் விட்டுவிடுகிற படி இது, ஆனால் மிக முக்கியமானது. பாரம் ஏறியதும் கட்டை சற்றுத் தொய்யும். அந்த ஓர் அங்குலம் இல்லாவிட்டால் தொய்ந்த கட்டை சீலிங்கை அழுத்தி விரிசல் விடச் செய்யும். கட்டையின் அடிப்பக்கத்துக்கும் சீலிங்கின் மேல்பக்கத்துக்கும் நடுவில் உங்கள் விரல் தாராளமாக நுழைய வேண்டும்.

4. கட்டையை எல்-கோணத்தால் சுவர்மேல் உள்ள சட்டத்தோடு இறுக்குங்கள். கூரையின் கட்டுச்சட்டத்தில் எதையும் வெட்டவோ குடையவோ கூடாது. புதுக்கட்டைக்கு அது குறுக்கே வந்தால், புதுக்கட்டையின் இடத்தை ஓரிரண்டு அங்குலம் நகர்த்துங்கள்.

5. குத்துவாட்டில் நிற்கும் கட்டை பக்கவாட்டில் சாயும். அடுத்தடுத்த கட்டைகளுக்கு நடுவில், இரு முனைகளிலும் சிறு துண்டுக்கட்டைகளை இறுக்கிப் பொருத்துங்கள்.

6. கம்பிகளைப் பாருங்கள். பலகைக்கு அடியில் கம்பி நசுங்கக்கூடாது. கட்டைக்குக் குறுக்கே போகும் கம்பி இருந்தால் அந்த இடத்தில் பலகையை விட்டுவிடுங்கள். கம்பி போகும் பாதையைப் பலகையின்மேல் சிவப்புப் பென்சிலால் கோடிட்டு வையுங்கள். ஐந்து வருடம் கழித்துத் திருகாணி போடுபவர் உங்கள் மகனாக இருக்கலாம்.

7. ஏறுவழியின் பக்கத்திலிருந்தே பலகை பொருத்தத் தொடங்குங்கள். பொருத்திய பலகையின்மேல் உட்கார்ந்துகொண்டு அடுத்ததைப் பொருத்தலாம்; ஒவ்வொரு பலகைக்கும் உங்கள் காலடி உறுதியாகும். பலகைக்கும் பலகைக்கும் 10 மி.மீ. இடைவெளி. வரிசைக்குப் பத்துப் பலகை என்றால் இரு ஓரங்களிலும் இரண்டிரண்டு அங்குலம் மிஞ்சும். அதை அடைக்க வேண்டாம்; காற்று போகும் வழி அது. கூரை ஓரத்துத் துவாரங்களையும் துணி வைத்து அடைக்கக்கூடாது. எலி வருகிறது என்றால் கம்பிவலை அடியுங்கள்.

8. ஐந்தடிப் பலகைகளின் மூட்டு நடுவில் உள்ள ஐந்தாவது கட்டையின்மேல் வரும். அங்கே ஒவ்வொரு பலகைக்கும் ஓர் அங்குலத்துக்கும் குறைவான இருக்கைதான் கிடைக்கும். அதனால் எல்லாத் திருகாணிக்கும் முன்துளை போடுங்கள். இல்லாவிட்டால் முனை பிளக்கும்.

*குறிப்பு:* சுத்தியல் வேண்டாம் என்று மறுபடியும் சொல்கிறேன். சுத்தியலின் அதிர்வில் சீலிங் அட்டையைப் பிடித்திருக்கும் துருப்பிடித்த ஆணிகள் ஒவ்வொன்றாகக் கழலும். பழைய செங்கால் சட்டத்தில் திருகாணி இறக்கும்போது, பாதி இறங்கியதும் திருப்புளி கனக்கும், பிறகு ஒரு கீச்சுச் சத்தம் வரும். அந்தச் சத்தம் வந்ததும் நிறுத்துங்கள். இன்னொரு சுற்று சுற்றினால் தலை முறிந்து கையோடு வரும். திருகாணியை வெளியே எடுத்து, அதன் மரைகளில் சலவை சோப்பைத் தேய்த்து, துளையைச் சற்று ஆழமாக்கி மறுபடி இறக்குங்கள்.

பாரம் வைத்துப் பார்த்தல்

பொருள் ஏற்றுவதற்கு முன் ஒரு சோதனை. சீலிங் கீழே மறைப்பதால் கட்டையின் பக்கவாட்டிலேயே அளக்க வேண்டும். நடுக்கட்டையின் ஒரு முனையிலிருந்து மறுமுனைக்கு, மேல்விளிம்பிலிருந்து ஒரே அளவு கீழே இறக்கி, நூலை விறைப்பாகக் கட்டுங்கள். நடுவில் நூல் நிற்கும் இடத்தைக் கட்டையில் பென்சிலால் குறியுங்கள். 10 கிலோ அரிசிப் பை ஐந்தை அந்தக் கட்டையைச் சுற்றி அடுக்கி, ஓர் இரவு விடுங்கள். காலையில் குறி நூலுக்குக் கீழே 3 மி.மீ.-க்கு மேல் இறங்கியிருந்தால் கட்டை போதவில்லை, அல்லது முனை சரியாக உட்காரவில்லை. பைகளை இறக்கிவிட்டு, முதலில் எல்-கோணத்தையும் அடித்துண்டையும் பாருங்கள்.

அன்று பிற்பகல் மழை வந்து நின்றதும் ஏறி, பலகையில் சொட்டு விழுந்திருக்கிறதா என்று தடவிப் பாருங்கள். வரிசையாகச் சொட்டியிருந்தால் தகரத்தின் ஆணித்துளை ஒழுகுகிறது. காலையில் எங்கும் பொடிப்பொடியாக ஈரம் என்றால் அது ஒழுகல் அல்ல, தகரத்தில் வியர்த்த நீர். காற்றோட்டம் போதவில்லை என்று அர்த்தம்.

எதை ஏற்றலாம், எதை ஏற்றக்கூடாது

அலுமினியப் பாத்திரம், பித்தளை அண்டா, முறுக்கு உரல், பிளாஸ்டிக் நாற்காலி, காவடிச் சட்டம், கூடை எல்லாம் போகலாம். துணியென்றால் வெயிலில் நன்றாகக் காயவைத்து, மூடி இறுகும் பிளாஸ்டிக் பெட்டியில் போடுங்கள். அட்டைப்பெட்டி வேண்டாம், இந்த ஈரத்தில் அடுத்த தீபாவளிக்குள் பூஞ்சணம் பூத்துவிடும். கனமானதைச் சுவரோரம் வையுங்கள், லேசானதை நடுவில் வையுங்கள்.

மண்ணெண்ணெய், தின்னர், பெயிண்ட், கேஸ் சிலிண்டர், உரம், பூச்சிமருந்து எதுவும் மேலே போகக்கூடாது. பழைய களைக்கொல்லிப் பாட்டிலை ஒளித்துவைக்கப் பரண் வசதியாகத் தோன்றும். பாராகுவாட் மலேசியாவில் 2020 ஜனவரி 1 முதல் தடை செய்யப்பட்டது. அப்படி ஏதாவது வீட்டில் இருந்தால் ஆபீசில் ஒப்படையுங்கள். பரணில் உடைந்து சீலிங் வழியாகச் சொட்டினால் கீழே படுத்திருப்பது குழந்தையாக இருக்கலாம்.

பிறப்புச் சான்றிதழ், தாத்தா பாட்டியின் பழைய அடையாள அட்டை, ஊழியர் சேம நிதித் தாள், பழைய சம்பளச் சீட்டு ஆகியவற்றைத் தயவுசெய்து பரணுக்கு அனுப்பாதீர்கள். நம் குடும்பங்களில் ஒரு தாள் இல்லாததால் பேரப்பிள்ளைவரை அலைந்தவர்கள் இருக்கிறார்கள். ஈரமும் எலியும் முதலில் தின்பது தாளைத்தான். அவற்றைப் பிளாஸ்டிக் உறையிலிட்டு, படுக்கையறை அலமாரியின் மேல்தட்டில், கையெட்டும் இடத்தில் வையுங்கள். ஒரு படம் எடுத்துப் பிள்ளைகளின் கைப்பேசியிலும் வைத்துக்கொள்ளலாம்.

ஆற்றோரம் இருப்பவர்களுக்கு ஒன்று. 2013 அக்டோபரில் சுல்தான் அபு பக்கர் அணையிலிருந்து தண்ணீர் திறக்கப்பட்டபோது பெர்தாம் பள்ளத்தாக்கில் வீடுகளுக்குள் வெள்ளம் புகுந்து உயிர்களும் போயின. பொருளுக்கு மேலே ஓர் இடம் இருப்பது நல்லதே. ஆனால் வெள்ளம் வரும்போது நீங்கள் பரணில் ஏறாதீர்கள். 2005-இல் கேத்ரீனா புயலில் நியூ ஆர்லியன்ஸ் நகரத்தில் கூரைக்குள் ஏறியவர்கள் பலர் வெளியே வர வழியில்லாமல் மாட்டிக்கொண்டார்கள். எச்சரிக்கைச் சங்கு ஊதியதும் கதவு வழியாக வெளியேறி மேட்டுக்குப் போங்கள்.

வருடத்துக்கு இரண்டு முறை

தீபாவளிக்கு முன்பும் தைப்பூசம் முடிந்த பிறகும் எப்படியும் பாத்திரம் இறக்கி ஏற்றுவீர்கள். அப்போது மெயின் சுவிட்சை அணைத்துவிட்டு, திருகாணிகளை ஒருமுறை முறுக்கிப் பாருங்கள். கம்பியில் பல்தடம் இருக்கிறதா, சுவரோரம் மண்பாதை ஏறுகிறதா என்று விளக்கை அடித்துப் பாருங்கள். ஏறுவழியின் உள்பக்கத்தில் ஒரு தாளை ஒட்டி, "மொத்தம் 90 கிலோ" என்று பெரிதாக எழுதி, மேலே இருக்கும் பொருள்களின் பட்டியலையும் அதில் குறித்துவையுங்கள். புதிதாக ஒன்று ஏறும்போது அதன் எடையையும் அதிலேயே சேர்த்து எழுதுங்கள்.